காட்டுக்கு நாம் விருந்தாளிகள்



போன மாதம் என் மகள் கைப்பேசியில் ஒரு படத்தைக் காட்டினாள். பின்னால் மலை, முன்னால் ஓடை, ஓடையிலிருந்து பத்தடி தூரத்தில் ஒரு வெள்ளைக் கூடாரம். கூடாரத்தைச் சுற்றி மின்மினி மாதிரி சின்னச் சின்ன விளக்குகள். "அப்பா, பள்ளி விடுமுறையில கூட்டாளிங்க எல்லாரும் கேம்பிங் போறோம். ஒரு ராத்திரிதான்" என்றாள்.

பக்கத்தில் உட்கார்ந்திருந்த என் அம்மா சிரித்துவிட்டார். "உன் பாட்டன் பூட்டன் எல்லாம் காட்டை வெட்டித்தான் தோட்டம் போட்டாங்க. கொசுக்கடியும் அட்டைக்கடியும் போதும்னுதான் நாங்க லயத்தை விட்டு டவுனுக்கு வந்தோம். இப்ப நீங்க காசு குடுத்துக் காட்டுல போய்ப் படுக்கிறீங்களா?"

அம்மா சொன்னதிலும் நியாயம் இருக்கிறது. மகள் கேட்டதிலும் தப்பில்லை. ஆனால் என்னால் உடனே 'சரி' என்று சொல்ல முடியவில்லை. அந்தப் படத்தில் கூடாரத்துக்கும் ஓடைக்கும் நடுவில் இருந்த அந்தப் பத்தடியையே பார்த்துக்கொண்டிருந்தேன். ஏன் என்பதைப் பிறகு சொல்கிறேன். முதலில், காட்டில் போய்ப் படுப்பது எப்படி ஒரு பொழுதுபோக்கு ஆனது என்று பார்ப்போம்.

பொழுதுபோக்கு ஆன கதை

மனிதன் கூடாரத்தில் தூங்குவது புதிது இல்லை. படைவீரன் தூங்கினான், வணிகன் தூங்கினான், ஆடு மேய்ப்பவன் தூங்கினான். அவர்களுக்கெல்லாம் அது வேலை. வீட்டில் நல்ல கட்டில் இருந்தும் ஆசைக்காக வெளியில் போய்த் தூங்கும் பழக்கம் வந்து 150 ஆண்டுகளுக்குக் கொஞ்சம் மேல்தான் ஆகிறது.

1869-இல் அமெரிக்காவின் பாஸ்டன் நகரத்தில் வில்லியம் முர்ரே என்ற பாதிரியார் ஒரு புத்தகம் வெளியிட்டார். நியூயார்க் மாநிலத்து அடிரோண்டாக் மலைக்காடுகளில் கூடாரம் போட்டுத் தங்கினால் உடம்பும் மனசும் தெளியும் என்பது அதன் சாரம். புத்தகம் அமோகமாக விற்றது. அந்தக் கோடையிலேயே பட்டணத்து மக்கள் கூட்டம் கூட்டமாக மலைக்குக் கிளம்பிவிட்டார்கள். பலருக்கு முன்னனுபவம் எதுவும் இல்லை, சரியான துணிமணிகூட இல்லை. பத்திரிகைகள் அவர்களுக்கு 'முர்ரேயின் முட்டாள்கள்' என்று பெயர் வைத்துக் கேலி செய்தன. இந்தப் பெயரைக் கொஞ்சம் ஞாபகத்தில் வைத்திருங்கள்.

இங்கிலாந்தில் தாமஸ் ஹைரம் ஹோல்டிங் என்ற தையற்காரர் வேறு மாதிரி யோசித்தார். சிறுவனாக இருந்தபோது, 1853-இல், பெற்றோருடன் மாட்டுவண்டிக் கூட்டத்தில் அமெரிக்கப் புல்வெளிகளைக் கடந்தவர் அவர். வளர்ந்த பிறகு, சைக்கிளில் கட்டிக்கொண்டு போகிற அளவுக்கு இலேசான கூடாரங்களைத் தைத்தார். 1901-இல் சைக்கிள் முகாமாளர்களுக்கு ஒரு சங்கம் உருவாகக் காரணமாக இருந்தார். 1908-இல் அவர் எழுதிய கையேடு முகாம்காரர்களுக்குப் பாடப்புத்தகம் மாதிரி ஆனது. அதற்கு முந்தைய ஆண்டுதான், 1907 ஆகஸ்டில், பேடன் பவல் பிரவுன்சீ தீவில் ஏறக்குறைய 20 சிறுவர்களை வைத்து முகாம் நடத்தினார். பணக்காரப் பள்ளி மாணவர்களும் உழைப்பாளி வீட்டுப் பிள்ளைகளும் ஒரே கூடாரத்தில் தங்கினார்கள். சாரணர் இயக்கம் அங்கிருந்து பிறந்தது. இன்று நம்முடைய தலைமைத்துவ முகாம்களில் குழு பிரிப்பது, குழுவுக்கு ஒரு தலைவன் வைப்பது எல்லாம் அந்த வழியில் வந்தவைதான்.

நம் வழியிலும் முகாம் உண்டு

இதெல்லாம் வெள்ளைக்காரன் பழக்கம், நமக்கும் இதற்கும் சம்பந்தம் இல்லை என்று நினைக்க வேண்டாம். சபரிமலைக்குப் பெரிய பாதையில் நடந்து போனவர்களைக் கேட்டுப் பாருங்கள். எருமேலியிலிருந்து காட்டு வழியாக நடை, வழியில் விரி போட்டுத் தங்கல், கூட்டாகச் சமையல். தலையில் இருமுடி. முன்முடியில் சாமிக்கு உரியது, பின்முடியில் தனக்கு வேண்டியது. ஒரு மனிதன் காட்டுக்குள் எவ்வளவு சுமக்கலாம், அதில் எது முன்னால் இருக்க வேண்டும் என்பதை அந்த ஒரு மூட்டை சொல்லிவிடுகிறது. அதைத் தூக்குவதற்கு முன் 41 நாள் விரதம் வேறு. 'கிளம்பு, போகலாம்' என்று யாரும் காட்டுக்குப் போகவில்லை.

இராமாயணத்துக்கு வாருங்கள். வால்மீகியின் ஆரண்ய காண்டத்தில் இராமன் எங்கே குடில் போட்டான் என்று கவனித்திருக்கிறீர்களா? அவன் தானாக ஓர் இடத்தைப் பார்த்து, அழகாக இருக்கிறதே என்று உட்கார்ந்துவிடவில்லை. அந்தக் காட்டை அறிந்த அகத்தியரிடம் போய், எங்கே தங்கலாம் என்று கேட்கிறான். அவர் பஞ்சவடியைச் சொல்கிறார். அங்கே போன பிறகும் அவசரப்படவில்லை. சுற்றிப் பார்த்து, சமமான தரை, பூத்த மரங்கள், கோதாவரி ஆறு ரொம்பத் தூரத்திலும் இல்லாமல் ரொம்பக் கிட்டத்திலும் இல்லாமல் இருக்கிற இடமாகத் தேர்ந்தெடுக்கிறான். இலக்குவன் பர்ணசாலை கட்டி முடித்ததும், ஆற்றில் குளித்து, பூக்களைப் படைத்து, அந்த இடத்துக்குச் சாந்தி செய்த பிறகுதான் அண்ணனைக் கூப்பிட்டுக் காட்டுகிறான்.

சிறுவயதில் இந்தக் கதையை நான் எத்தனையோ முறை கேட்டிருக்கிறேன். அதில் இருந்த பாடம் ஓர் ஆற்றங்கரையில்தான் எனக்குப் புரிந்தது.

நான் எழுதாத அறிக்கை

1998-ஆம் ஆண்டு. எனக்கு வயது 22. எங்கள் ஊர்க் கிளையில் இளைஞர் பகுதிக்கு நான்தான் பொறுப்பு. பேராக்கில் ஓர் ஆற்றங்கரையில் இரண்டு நாள் முகாம் ஏற்பாடு செய்தோம். மொத்தம் 34 பிள்ளைகள். மூத்தவனுக்கு 17, இளையவளுக்கு 11. பெற்றோர்கள் பேருந்து வரைக்கும் வந்து, "தம்பி, நீங்க இருக்கீங்கன்னுதான் அனுப்புறோம்" என்று சொல்லிவிட்டுப் போனார்கள். எனக்குத் தலைகால் புரியவில்லை.

ஆற்று வளைவில் அழகான மணல் திட்டு. பாய் விரித்த மாதிரி சமமாக இருந்தது. 'இதைவிட நல்ல இடம் வேற எங்க கிடைக்கும்' என்று அங்கேயே கூடாரங்களைப் போடச் சொன்னேன். பாதி வேலை முடிந்திருக்கும். தூண்டிலும் கையுமாக ஒரு பெரியவர் வந்தார். பக்கத்துத் தோட்டத்தில் பால் வெட்டி ஓய்வு பெற்றவர். கொஞ்ச நேரம் எங்களைப் பார்த்துக்கொண்டே நின்றார்.

"தம்பி, ராத்திரிக்கு இங்கதான் படுக்கப் போறீங்களா?"

"ஆமாங்கய்யா."

"வேணாம்பா. மேட்டுக்குப் போயிடுங்க."

"ஏங்கய்யா, மழையே இல்லையே? வானம் தெளிவாத்தானே இருக்கு."

"இங்க தெளிவா இருக்கு. மேல மலையில என்னா இருக்குன்னு உனக்குத் தெரியுமா? எனக்கும் தெரியாது. அந்த மரத்தைப் பாரு."

பார்த்தேன். கரையோர மரம் ஒன்றில், என் தலைக்கு மேலே இரண்டு முழம் உயரத்தில், காய்ந்த புல்லும் குச்சியும் ஒரு கிழிந்த பிளாஸ்டிக் பையும் சிக்கிக்கொண்டிருந்தன. ஏதோ பறவைக் கூடு என்று நினைத்தேன்.

"ஆறு போன தடவ வந்தப்ப அவ்ளோ உயரத்துக்கு வந்துச்சு" என்றார் அவர். வேறு எதுவும் சொல்லவில்லை. தூண்டிலைத் தோளில் போட்டுக்கொண்டு நடந்துவிட்டார்.

உண்மையைச் சொல்கிறேன், எனக்குக் கோபம்தான் வந்தது. பிள்ளைகள் முன்னால் என் முடிவைத் தப்பு என்று சொல்லிவிட்டாரே என்று. எங்களோடு சமையலுக்கு வந்திருந்த அக்காதான், "பெரியவர் பேச்சைத் தட்டாதே தம்பி, நான் பானையைத் தூக்கிட்டேன்" என்று முதலில் கிளம்பினார். முணுமுணுத்துக்கொண்டே எல்லாவற்றையும் பிடுங்கி மேட்டில் போட்டோம். வேர்களும் கல்லும் நிறைந்த தரை. பிள்ளைகளுக்கு முதுகு வலி. இருட்டிவிட்டதால் இரண்டு மேசைகளையும் ஓர் அடுப்பையும், காலையில் எடுத்துக்கலாம் என்று மணலிலேயே விட்டுவிட்டோம்.

நள்ளிரவுக்குப் பிறகு ஏதோ லாரி வருகிற மாதிரி சத்தம் கேட்டு எழுந்தேன். எங்கள் தலைமேல் ஒரு சொட்டு மழை இல்லை. டார்ச் விளக்கை அடித்துப் பார்த்தால் மணல் திட்டு இருந்த இடத்தில் தேத்தண்ணி நிறத்தில் வெள்ளம் ஓடிக்கொண்டிருந்தது. மேசை இல்லை, அடுப்பு இல்லை. நான் உட்கார்ந்து பிள்ளைகளை எண்ண ஆரம்பித்தேன். 34. மறுபடி எண்ணினேன். விடியும் வரைக்கும் எத்தனை தடவை எண்ணினேன் என்று தெரியாது.

ஊர் திரும்பியதும் கிளைக்கு அறிக்கை எழுதினேன். 'முகாம் சிறப்பாக நடைபெற்றது' என்று எழுதினேன். மேசைகள் 'தொலைந்துவிட்டன' என்று ஒரு வரி. அந்தப் பெரியவரைப் பற்றி ஒரு சொல்கூட எழுதவில்லை. அவர் பெயரையும் நான் கேட்டுக்கொள்ளவில்லை. அவரைப் பற்றி எழுதினால், நான் எங்கே கூடாரம் போட்டேன் என்பதையும் எழுத வேண்டி வந்திருக்கும்.

மகள் காட்டிய படத்தில் அந்தப் பத்தடி ஏன் என் கண்ணை உறுத்தியது என்று இப்போது உங்களுக்குப் புரிந்திருக்கும்.

கூட்டம் பெருகிய காலம்

2020 மார்ச் 18-ஆம் தேதி நம் நாட்டில் நடமாட்டக் கட்டுப்பாட்டு ஆணை அமலுக்கு வந்தது. எல்லைகள் மூடப்பட்டன, வெளிநாட்டுப் பயணம் நின்றது. மாதக்கணக்கில் அடுக்குமாடி வீட்டுக்குள்ளேயே இருந்தவர்களுக்கு, கதவு திறந்ததும் முதலில் தோன்றியது காற்றும் மரமும்தான். 2021 அக்டோபர் 11 முதல் தடுப்பூசி போட்டவர்கள் மாநிலம் விட்டு மாநிலம் போகலாம் என்றானதும், உலு லங்காட், ஜண்டா பாயிக், கோலா குபு பாரு பக்கம் போகிற சாலைகள் வார இறுதியில் நிரம்பி வழிந்தன. பழத்தோட்டம் வைத்திருந்தவர்கள், ஆற்றோரம் நிலம் இருந்தவர்கள் முகாம் தளம் திறந்தார்கள். கட்டில், மெத்தை, மின்விசிறியோடு கூடாரம் வாடகைக்கு வந்தது. படம் பிடித்துப் போட்டவர்களைப் பார்த்து இன்னும் பலர் கிளம்பினார்கள்.

இதில் நல்லது நிறைய. விமான டிக்கெட் வாங்க முடியாத குடும்பமும் ஒரு கூடாரம் வாங்கினால் விடுமுறைக்குப் போகலாம். அப்பாவும் பிள்ளையும் கைப்பேசியைக் கீழே வைத்துவிட்டுச் சேர்ந்து விறகு பொறுக்குகிறார்கள். சொந்த நாட்டுக் காட்டை நம் பிள்ளைகள் முதல் தடவையாகப் பார்க்கிறார்கள். ஆனால் கூட்டம் வேகமாக வந்தது, அறிவு மெதுவாக வந்தது. முர்ரேயின் கூட்டத்துக்கு 1869-இல் நடந்தது இதுதான்.

2021 ஆகஸ்ட் 18-ஆம் தேதி கெடாவின் குனோங் ஜெராய் அடிவாரத்தில் கெப்பாலா ஆயர் என்று நாம் சொல்லும் திடீர் நீர்ப்பெருக்கு உயிர்களைக் கொண்டுபோனது. 2022 டிசம்பர் 16-ஆம் தேதி, பள்ளி விடுமுறை நேரம். விடியற்காலை இரண்டு மணி கடந்த வேளையில், பத்தாங் காலியில் ஒரு முகாம் தளத்தின் மேல் மலைச்சரிவு இடிந்து விழுந்தது. மண்ணில் சிக்கியவர்கள் 92 பேர். இறந்தவர்கள் 31 பேர். அதில் குழந்தைகளும் உண்டு. அந்த இடத்தில் முகாம் தளம் நடத்த உரிமம் இல்லை என்று பிறகு அதிகாரிகள் தெரிவித்தார்கள். தங்க வந்தவர்களுக்கு அது எப்படித் தெரியும்? அவர்கள் செய்த தப்பு எதுவும் இல்லை. விடுமுறைக்குப் பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு வந்தார்கள், அவ்வளவுதான்.

அன்று காலை செய்தியைப் பார்த்துவிட்டு நான் வேலைக்குப் போகவில்லை. 34 என்ற எண்தான் தலைக்குள் ஓடிக்கொண்டிருந்தது. எங்களை மேட்டுக்குப் போகச் சொல்ல ஒருவர் வந்தார். அங்கே அப்படி யாரும் வரவில்லை. வித்தியாசம் அது ஒன்றுதான்.

விருந்தாளி எப்படி நடக்க வேண்டும்

விருந்தோம்பல் பற்றித் தமிழர்களுக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. திருக்குறளில் அதற்கென்றே ஒன்பதாம் அதிகாரம் இருக்கிறது. ஆனால் நாமெல்லாம் விருந்து கொடுப்பவர் பக்கத்தைத்தான் படித்திருக்கிறோம். முகாமுக்குப் போகும்போது நாம் விருந்தாளி. வீட்டுக்காரர் யார்? அந்த ஆறு, மலை, மரம், அங்கே வாழ்கிற மக்கள், மிருகங்கள். நல்ல விருந்தாளிக்கு மூன்று குணம் வேண்டும்.

முதலாவது, கேட்டுவிட்டு நுழைவது. காப்புக் காட்டுக்குள் மலையேறப் போனால் வனத்துறை அனுமதி வேண்டும், எடுங்கள். தனியார் தளம் என்றால், "ஊராட்சி மன்ற உரிமம் இருக்கா?" என்று கேளுங்கள். கேட்க வெட்கமாக இருந்தால் உங்கள் அம்மாவை நினைத்துக்கொண்டு கேளுங்கள். மெட்மலேசியாவின் வானிலை அறிவிப்பைப் பாருங்கள், நீங்கள் தங்கும் இடத்துக்கு மட்டும் இல்லை, ஆறு பிறக்கிற மலைக்கும். அங்கே போய்ச் சேர்ந்ததும், பக்கத்துக் கம்பத்து ஆளையோ பூர்வக்குடிப் பெரியவரையோ கடைக்காரரையோ கேளுங்கள். இராமனே அகத்தியரைக் கேட்டான். நாம் கேட்டால் குறைந்து போக மாட்டோம்.

இரண்டாவது, இருக்க வேண்டிய இடத்தில் இருப்பது. ஆற்றிலிருந்து குறைந்தது 60 மீட்டர் தள்ளி, மேட்டில் கூடாரம் போடுங்கள். வெட்டிய சரிவுக்கு அடியில் வேண்டாம். மண் கீறல் விட்டிருந்தாலோ, மரங்கள் சாய்ந்து நின்றாலோ, சரிவிலிருந்து கலங்கிய தண்ணீர் கசிந்தாலோ அந்த இடத்தை விட்டு உடனே கிளம்புங்கள். தலைக்கு மேலே பாருங்கள், காய்ந்த கிளை, காய்த்த டுரியான் மரம், இரண்டும் ஆபத்து. ஆற்றில் குளிக்கும்போது ஒருவர் கரையில் நின்று காவல் பார்க்கட்டும். தெளிந்த தண்ணீர் கலங்கினால், இலையும் குச்சியும் திடீரென்று மிதந்து வந்தால், இரைச்சல் மாறினால், யோசிக்காமல் மேட்டுக்கு ஓடுங்கள். செருப்பை எடுக்கக்கூடத் திரும்பாதீர்கள். மழைக் குளிருக்காகக் கரி அடுப்பைக் கூடாரத்துக்குள் கொண்டுபோகாதீர்கள். அதிலிருந்து வரும் கார்பன் மோனாக்சைடுக்கு மணமும் இல்லை, நிறமும் இல்லை. தூங்கினவர் எழுந்திருக்க மாட்டார்.

மூன்றாவது, வந்த சுவடு இல்லாமல் போவது. மிச்சச் சோற்றைப் புதரில் கொட்டினால் எலி வரும். எலியின் சிறுநீர் தண்ணீரில் கலந்தால் எலிக்காய்ச்சல் வரும். 2010-இல் பகாங்கின் லூபுக் யூவில், நீரில் மூழ்கியவரைத் தேடப் போன மீட்பாளர்களையே அந்த நோய் தாக்கியது. உயிர்களும் போயின. ஆகவே குப்பை வெறும் அசிங்கம் இல்லை, அடுத்து வருகிறவருக்கு வைக்கிற விஷம். கொண்டுபோனதைத் திருப்பிக் கொண்டுவாருங்கள். கழிப்பறை இல்லாத இடத்தில், தண்ணீரிலிருந்து 60 மீட்டர் தள்ளி, ஒரு சாண் ஆழம் தோண்டி மூடுங்கள்.

இங்கே நம்மையும் கொஞ்சம் சொல்லிக்கொள்ள வேண்டும். கருமக்கிரியைக்கும் பூசைக்கும் ஆற்றங்கரைக்குப் போகிறோம். பூவோடு பிளாஸ்டிக் பையையும், சூடத்தோடு அதன் டப்பாவையும் அங்கேயே விட்டுவிட்டு வருகிறோம். கங்கை என்று கும்பிட்ட தண்ணீரிலேயே குப்பையைப் போடுகிறோம். நம் இளைஞர்கள் முகாம் போகிற ஆற்றங்கரையில் அப்படி ஏதாவது கிடந்தால், யார் போட்டது என்று கேட்காமல் பொறுக்குங்கள். அதுவும் ஒரு பூசைதான்.

கடைசியாக

மகளுக்கு என்ன பதில் சொன்னேன்? போகாதே என்று சொல்லவில்லை. காட்டைப் பார்க்காமல் வளர்கிற பிள்ளை எதையோ இழக்கிறது என்று நம்புகிறவன் நான். அந்த முகாம் தளத்துக்கு அவளையே தொலைபேசியில் பேசச் சொன்னேன். உரிமம் இருக்கிறதா, ஆறு எவ்வளவு தூரம், இரவில் பொறுப்பாக யார் விழித்திருப்பார்கள் என்று கேட்கச் சொன்னேன். முதல் கேள்விக்கே அந்தப் பக்கத்தில் குரல் மாறியது. அவள் வேறு இடம் தேடினாள். மூன்றாவது இடத்தில் மூன்றுக்கும் நேரான பதில் கிடைத்தது. அடுத்த விடுமுறைக்கு அங்கே போகிறார்கள். என் அம்மா இன்னும் சிரித்துக்கொண்டுதான் இருக்கிறார். ஆனால் பேத்தி கொண்டுபோக ஒரு பழைய போர்வையை எடுத்துத் துவைத்து வைத்திருக்கிறார்.

நானும் 1998-இல் எழுதாமல் விட்ட அறிக்கையை இப்போது எழுதிவிட்டேன். நீங்கள் இத்தனை நேரம் படித்தது அதுதான். ஐயா, உங்கள் பெயர் எனக்குத் தெரியாது. அன்று மேட்டில் படுத்த 34 பிள்ளைகளும் இன்று பெரியவர்கள் ஆகிவிட்டார்கள். அவர்களில் பலர் தங்கள் பிள்ளைகளை முகாமுக்கு அனுப்புகிறார்கள். நன்றி.

கிளைக் கூட்டத்தில் கலந்து பேச

1. உங்கள் கிளை கடைசியாக நடத்திய முகாமில் இடத்தைத் தேர்ந்தெடுத்தது யார்? அந்த இடத்தை அறிந்த உள்ளூர்க்காரர் ஒருவரையாவது கேட்டார்களா?

2. முகாம் அறிக்கையில் நடந்த தவறுகளையும் எழுதுகிறோமா? எழுதினால் யாருக்குப் பயன்?

3. முகாமில் ஒரு தங்கை, "அண்ணா, இந்த இடம் சரியில்லைன்னு தோணுது" என்று சொன்னால், பொறுப்பாளர் என்ன செய்ய வேண்டும்?

4. இருமுடியில் இரண்டு பக்கம் உண்டு. அடுத்த முகாமுக்கு உங்கள் பையைக் கட்டும்போது, உங்களுக்காக என்ன எடுப்பீர்கள்? மற்றவர்களுக்காக என்ன எடுப்பீர்கள்?